வாயை மட்டும் திறங்க

ஹாலிவுட்டை ஒட்டிய பர்பேங்கில் மெர்லைப் போல் செத்துப் பிழைத்தவள் யாருமில்லை. எரிமலையில் வெந்தாள், பூகம்பத்தில் புதைந்தாள், மறுநாள் காலையில் காப்பி போட்டுக் குடித்தாள். பேரழிவுப் படங்களில் கூட்டத்தோடு ஓடிச் சாவதுதான் அவளுக்கும் புருஷன் வெண்டலுக்கும் பிழைப்பு. ஊரே அழியும். ஹீரோவும், அவனைவிட்டுப் பிரிந்துபோன பெண்டாட்டியும், ஒரு நாயும் மட்டும் தப்பிக்கும்.

"நானும் நாலு கால்ல ஓடிப் பாக்கட்டுமா? அப்பவாவது பொழைக்க விடுவானுங்களா?" என்பான் வெண்டல்.

"உன் மூஞ்சிக்கு நாய் வேஷமும் தரமாட்டாங்க, கெழவா."

இவர்கள் அலறினால் சத்தம் வரக்கூடாது. ஹீரோவின் வசனம் மட்டும்தான் பதிவாகும். கூட்டத்தின் ஓலத்தைப் பிறகு வேறு ஆட்களை வைத்துச் சேர்த்துக்கொள்வார்கள். ஆரம்பத்தில் ஒருமுறை நிஜமாகவே கத்தித் தொலைத்தாள் மெர்ல். அன்றே வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். அதற்கப்புறம் அவள் தொண்டை தப்பு செய்ததேயில்லை.

அன்றைக்கு வெள்ளக் காட்சி. பெரிய தொட்டிக்குள் தெரு போட்டிருந்தார்கள். "கூட்டம், வாயை மட்டும் திறங்க," என்றான் உதவி இயக்குநர். தண்ணீரைத் திறந்துவிட்டார்கள். மிதந்து வந்த கார் ஒன்று வெண்டலின் காலை நசுக்கிப் பிடித்துக்கொண்டது. தண்ணீர் அவன் மூக்குவரை ஏறியது. அவன் மெர்லையே பார்த்தான்.

மெர்ல் வாயைத் திறந்தாள். சத்தம் வரவில்லை. கழுத்து நரம்பு புடைக்க மறுபடியும் திறந்தாள். பாழாய்ப்போன தொண்டை பழகியதையே செய்தது. தண்ணீரின் வேகம் அவனிடம் போகவிடவில்லை. கையை ஆட்டினாள், சுற்றிலும் எல்லோரும் கையை ஆட்டிக்கொண்டுதான் இருந்தார்கள். ஹீரோ நாயைத் தூக்கிக்கொண்டு ஏணியில் ஏறி முடிக்கும்வரை யாரும் 'கட்' சொல்லவில்லை. தண்ணீரை வடித்தபோது வெண்டல் செத்துக் கிடந்தான்.

படம் வந்தது. வெள்ளக் காட்சியில் வெண்டலை வெட்டிவிட்டு அவள் முகத்தை மட்டும் வைத்திருந்தார்கள், பாவிகள். இத்தனை வருஷத்தில் அவள் முகம் திரை முழுக்க வந்தது அன்றுதான். அவள் வாயிலிருந்து எவளோ ஒருத்தியின் அலறல் கேட்டது.

தியேட்டர் இருட்டில் மெர்ல் எழுந்து நின்றாள். "நிறுத்துங்க. என் புருஷன் தண்ணிக்கடியில மாட்டிக்கிட்டு இருக்கார்," என்று தொண்டை கிழியக் கத்தினாள்.

முன்வரிசைக்காரன் திரும்பிப் பார்த்தான். "உக்காரும்மா. நாய் பொழைக்குதான்னு பாக்க விடு."