என் பெயரைக் கேட்டு வடையை வைத்தவர்

எங்கள் வீட்டில் நான்காவது பெண் நான். இதோடு பெண் பிள்ளை போதும் என்று சாமியிடம் வேண்டிக்கொண்டு, அப்பா எனக்குப் போதும்பொண்ணு என்று பெயர் வைத்தார். எனக்கு அடுத்ததும் தங்கைதான் பிறந்தாள்.

எழுபதுகளின் தொடக்கத்தில் பாளையம்பட்டியிலிருந்து என்னைப் பெண் பார்க்க வந்தார்கள். பெயரைக் கேட்டால் என்ன செய்வது என்ற கூச்சத்தோடு, காப்பித் தட்டை ஏந்தி அடுப்படியில் நின்றிருந்தேன். மாப்பிள்ளை இன்னொரு வடையை எடுத்து வாயருகே கொண்டுபோன நேரம் பார்த்து அப்பா உரக்கக் கூப்பிட்டார்.

"போதும்பொண்ணு, இங்க வாத்தா."

மாப்பிள்ளை வடையை மெதுவாகத் தட்டில் வைத்துவிட்டார்.

அம்மா பதறிப்போய், "அது எம்மக பேரு தம்பி. நீங்க சாப்பிடுங்க" என்றாள். அவருக்குக் காதெல்லாம் சிவந்துவிட்டது. அவருடைய அம்மா முகம் சுளித்தார்.

"இது என்ன பேரு? டவுனுல கூப்பிட்டா நாலு பேரு சிரிப்பாக. இன்னும் ரெண்டு எடம் பாக்கணும்ல, கெளம்புவமாய்யா?"

நான் அடுப்படியிலிருந்து வந்து காப்பித் தட்டை நீட்டினேன். மாப்பிள்ளை நிமிர்ந்து என்னைப் பார்த்தார்.

"போதும்மா" என்றார்.

வடையைச் சொன்னாரா, பெண் பார்த்ததைச் சொன்னாரா, என் பெயரைத்தான் சொல்லிப் பார்த்தாரா என்று ஒருவருக்கும் விளங்கவில்லை.

"எதுய்யா போதும்?" என்று கேட்டார் அவருடைய அம்மா.

"இந்தப் பொண்ணு போதும்."

வேண்டாம் என்பதற்காக வைத்த பெயருக்குள் மனம் நிறைந்துவிட்டது என்றும் ஒரு பொருள் இருப்பது அன்றைக்குத்தான் எனக்குத் தெரிந்தது. அதற்குப் பிறகு யார் கேட்டாலும் என் பெயரை முழுசாகவே சொல்கிறேன்.