நாயர் மாமா கேட்க வந்த வசனம்

அன்று கொட்டகலை படக்கூடாரத்தில் எங்கள் பெஞ்சில் அப்பா, அம்மா, நான், எங்கள் தேயிலைத் தோட்டத்து லய வீடுகளுக்குக் கீழே தேத்தண்ணிக் கடை வைத்திருந்த நாயர் மாமா, இவ்வளவு பேர்தான். படம் ஓட்ட வெளியே கரண்ட் எஞ்சின் ஓடும்; இன்று எங்காவது அந்தப் புகை மூக்கில் பட்டாலும் அந்தக் கூடாரத்தின் ஈரச்சாக்கு வாடையோடு ஆத்திரமும் சேர்ந்தே வருகிறது. வந்திருந்தது மலையாளப் பேசும்படம். தன் மொழியில் பேச ஆளில்லாமல் வருஷக்கணக்காய்க் கிடந்த மாமா, சலவை வேட்டியோடு முன்னால் குனிந்து காத்திருக்க, ஊமைப்படக் காலத்துப் பழக்கத்தை விடாமல் திரைக்குப் பக்கத்தில் நின்று கதை சொல்லும் விளக்கக்காரன் ஒவ்வொரு வசனத்தின் மேலும் தமிழில் கத்தினான்.

"கொஞ்சம் வாய மூடுங்க, நான் கேக்கணும்," என்றார் மாமா.

"ஒங்க ஒருத்தருக்காகவா படம் ஓட்டுறோம் நாயரே? போய் டீ ஆத்துங்க!" என்றான் விளக்கக்காரன்.

கூடாரமே சிரித்தது. அடிதடி ஆகிவிடுமோ என்று நான் அம்மாவின் சேலையைப் பிடித்துக்கொண்டேன். மாமா எழுந்துபோய்த் திருப்பிக் கேட்ட டிக்கெட் காசைக் கூடாரக்காரன் கடைசிவரை கொடுக்கவேயில்லை. கால் ரூபாய், இருபத்தைந்து சதம்.