கம்பிக்குள்ளால் வாவியை வரைந்த டொரீன் அக்கா

டொரீன் அக்கா போய்விட்டார். காலையில் பக்கத்து வீட்டுக்காரர் போன் பண்ணிச் சொன்னார்... இன்னும் நம்ப முடியவில்லை.

பெயர் தெரியாவிட்டாலும் உங்கள் பிள்ளைகளுக்கு அவருடைய கையைத் தெரியும். நான் எழுதிய சிறுவர் கதைகளுக்கெல்லாம் படம் அவர்தான். கேட்டால் மட்டும், "நான் லாண்ட்ஸ்கேப் பெயின்டர்" என்பார்.

மட்டக்களப்பு வாவிக்கரையில் வீடு. அவரும் தம்பி எரிக்கும் மட்டும். மற்றச் சகோதரங்கள் எல்லாம் ஆஸ்திரேலியாவில்.

சின்ன வயதில் வந்த மூளைக்காய்ச்சலோடு எரிக் அண்ணனுக்குப் பேச்சுப் போய்விட்டது. கதவு திறந்திருந்தால் நேரே வாவிக்குள் இறங்கிவிடுவார். மீன்பிடிக்கிறவர்கள் தூக்கிவந்து விட்டிருக்கிறார்கள்.

அதனால் வாசல் எப்போதும் பூட்டு. சாவி அக்காவின் கழுத்தில், சிலுவையோடு சேர்த்து.

அதே தண்ணீரைத்தான் அவர் வரைந்தார். சமைக்கிற குசினி ஜன்னல் கம்பிக்குள்ளால் எவ்வளவு தெரியுமோ அவ்வளவு.

ஒருமுறை மலையில் நடக்கிற முயல் கதை ஒன்று கொடுத்தேன். படம் வந்தது... முயல் வீட்டுக்குப் பின்னால் வாவி!

"அக்கா, மலை எங்க?"

"நான் மலைக்குப் போனதில்ல புள்ள. பாக்காததை எப்பிடிக் கீறுற?"

கடைசியில் கதையைத்தான் மாற்றினேன்.

பிறகொரு நாள் நானே சொன்னேன். "எரிக் அண்ணன நான் பாக்கிறன். நீங்க வவுணதீவுப் பக்கம் போய் ஆசைதீரக் கீறிட்டு வாங்க."

வயல் முழுக்கப் பச்சையாக நின்ற நேரம். நல்ல சட்டை ஒன்று போட்டுக்கொண்டு, பெயின்ட் பெட்டியோடு ஆட்டோவில் ஏறினார்.

அவர் போனதும் எரிக் அண்ணன் கதவைத் தட்டத் தொடங்கினார். நிறுத்தவே இல்லை. சாவியைக் கைக்குள் பொத்திக்கொண்டு இருந்தேன். அக்காவுக்கு இது தினமும்.

போன வேகத்தில் ஆட்டோ திரும்பி வந்துவிட்டது. தாளில் ஒரு பச்சைக் கோடு. அவ்வளவுதான்.

"என்னக்கா நடந்த?"

"வயல் வட்டைக்குள்ள போய் இருந்தன் புள்ள. கண்ணுக்கு முன்னால வேளாண்மை நிக்குது... காதுக்குள்ள இவன் கதவத் தட்டுறான்."

போன வருடம் எரிக் அண்ணன் நித்திரையிலேயே போய்ச் சேர்ந்தார். அடக்கம் முடிந்து சில நாள் கழித்து, "இனி எங்கயாவது போய் வரலாமேக்கா" என்றேன்.

"ஓம் புள்ள, மறுகா பாப்பம்."

தங்கச்சி ஆஸ்திரேலியாவுக்குக் கூப்பிட்டார். போகவில்லை. பெரியகல்லாற்றுக் கடலைப் பார்க்க நான் கூப்பிட்டேன். அதற்கும் வரவில்லை.

வாசலும் பூட்டியபடியே கிடந்தது. ஓடிப்போக அந்த வீட்டில் யாரும் இல்லை... ஏன் பூட்டு என்று கேட்டேவிட்டேன்.

"திறந்து வைச்சா நெஞ்சு படபடக்குது புள்ள" என்றார்.

கடைசியாகப் பேசியது போன கிழமை. புதுக் கதை ஒன்றுக்குப் படம் கேட்டிருந்தேன்.

"கீறித் தாறன். ஆனா இந்த முறை கதையில ஒருத்தருக்கும் வீடு வைக்காத புள்ள."

பகிடி என்று நினைத்துச் சிரித்தேன். அக்கா சிரிக்காமலே போனை வைத்துவிட்டார்.

நாளை பின்னேரம் அடக்கம். வாறன் அக்கா...