ரிஸ்பா எண்ணாமல் விட்ட எழுபது

ரிஸ்பா அடோங்கோவுக்கு உலகத்தில் ஆகாத பொருள் ஒன்றே ஒன்றுதான். விரல் நீளத்துக்கு ஒரு வெள்ளை பிளாஸ்டிக் பட்டை. விரலைக் குத்தி அதில் ஒரு சொட்டு ரத்தம் வைத்து, மருந்து நீரைச் சொட்டிவிட்டுக் கால் மணி நேரம் காத்திருந்தால் போதும். ஒரு கோடு வந்தால் மலேரியா இல்லை, இரண்டு கோடு வந்தால் உண்டு. இரண்டு வரை எண்ணத் தெரிந்தவர்களெல்லாம் டாக்டர்! அதிலும் அந்தப் பட்டைகளைப் பையில் போட்டுக்கொண்டு வீடு வீடாகப் போனது யார்? சிப்ரோசா. ஆறு வருஷம் ரிஸ்பாவின் கைக்குக் கீழே ஸ்லைடு கழுவிக்கொண்டிருந்த அதே சிப்ரோசா. ரிஸ்பாவுக்கு வயிறு எரியாமல் என்ன செய்யும்?

விக்டோரியா ஏரிக்கரையில் அலுவாரோ சுகாதார நிலையத்து ஆய்வுக்கூடம் என்பது ஓர் அறை, ஒரு மேஜை, ஒரு மைக்ராஸ்கோப். அதற்கு இருபத்திரண்டு வருஷமாக ரிஸ்பாதான் ராணி. அப்பா ஒரு காளையை விற்றுக் கிசுமு நகரத்தில் படிக்க வைத்தார். வேலைக்கு வந்த புதிதில் கரண்ட் கிடையாது. வெயில் போகிற பக்கமெல்லாம் மேஜையை இழுத்துப் போட்டு, கண்ணாடியில் வெளிச்சம் பிடித்து, ரத்தத்தில் கிருமி தேடினாள். மைக்ராஸ்கோப்பில் ஒரு நேரத்தில் தெரிவது ஒரு சின்ன வட்டம்தான். அப்படி நூறு வட்டத்தை நகர்த்தி நகர்த்திப் பார்த்த பிறகே ‘கிருமி இல்லை’ என்று எழுத வேண்டும், அதுதான் சட்டம். கூட்டம் அதிகமானால் இருபதோடு எழுந்துவிடுகிறவர்கள் மற்ற ஊர்களில் உண்டு. ரிஸ்பா அந்த ரகம் இல்லை. மகன் எராஸ்டோ பிறந்த அன்று எண்பதாவது வட்டத்தில் அவளுக்கு இடுப்பு வலி எடுத்தது. மீதி இருபதையும் பார்த்து, கையெழுத்துப் போட்டுவிட்டுத்தான் பக்கத்து அறைக்குப் பிள்ளை பெறப் போனாள். இதை அவளே ஆயிரம் தடவை சொல்லி ஊருக்குக் காது புளித்துவிட்டது. ஆனால் பொய் என்று யாரும் சொன்னதில்லை.

காய்ச்சல் காலத்தில் அவள் வாசல் பெஞ்சில் உட்கார இடம் இருக்காது. "டாக்டரம்மா, எம்புள்ளைய மொதல்ல பாருங்க" என்று கெஞ்சுவார்கள். அவள் திரும்பிப் பார்க்க மாட்டாள். அந்தக் கெஞ்சலில் அவளுக்கு ஒரு ருசி இருந்தது என்பதையும் சொல்லித்தான் ஆக வேண்டும்.

பிறகு, ஊருக்கு ஒரு சுகாதாரத் தொண்டரைத் தேர்ந்தெடுக்கச் சொல்லி அரசாங்க உத்தரவு வந்தது. ஊர் மொத்தமும் சிப்ரோசாவுக்குக் கை தூக்கியது. ஏழாம் வகுப்போடு நின்றவள், ஆனால் வாய் நிறையச் சிரிப்பு. சில நாள் பயிற்சி, ஒரு நீலப் பை, ஒரு பெட்டி பட்டை, ஒரு குடை. அவ்வளவுதான். இரண்டே மாதத்தில் ரிஸ்பாவின் பெஞ்சில் கோழி ஏறிப் படுத்தது.

சிப்ரோசாவின் வீட்டுக்கோ ஒரு நாள் சேவல் வந்தது, இன்னொரு நாள் ஒரு கூடை ஒமேனா மீன் வந்தது. அந்த ஊர் சர்ச்சில் சனிக்கிழமைதான் ஆராதனை; அங்கே பெண்கள் நகர்ந்து நகர்ந்து அவளுக்கு இடம் விட்டார்கள். இருபத்திரண்டு வருஷத்தில் ரிஸ்பாவுக்கு ஒரு குஞ்சாவது கொடுத்திருப்பார்களா? அவளும் கேட்டதில்லை, அது வேறு விஷயம். ஜன்னல் வழியாக அந்தக் குடை தெருவில் போவதைப் பார்த்தாலே அவளுக்கு நெஞ்சு கரிக்கும்.

"அற்பனுக்கு வாழ்வு வந்தா அர்த்தராத்திரியில குடை பிடிப்பானாம். இவ பட்டப்பகல்லயே பிடிக்கிறா" என்றாள், நிலையத்துக்குப் பொறுப்பான நர்ஸ் ஓகுட்டுவிடம்.

"வெயிலுக்குத்தானே பிடிக்கிறா, எராஸ்டோ அம்மா? விடுங்க. உங்களுக்கும் வேலை குறைஞ்சுதுல்ல?"

"வேலை குறைஞ்சா சந்தோஷப்படுறதுக்கு நான் என்ன உன்ன மாதிரி சோம்பேறியா?"

ஓகுட்டு சிரித்துக்கொண்டே நழுவிவிட்டான்.

அவள் காத்திருந்தாள். பட்டை ஒரு நாள் பொய் சொல்லும், அன்றைக்கு இருக்கிறது கச்சேரி என்று காத்திருந்தாள். அந்த நாளும் வந்தது. ஒரு மீனவர் வீட்டுக் குழந்தைக்கு மறுபடி காய்ச்சல். இரண்டு வாரம் முன்புதான் மலேரியாவுக்கு மருந்து சாப்பிட்டிருந்தது. சிப்ரோசா பட்டை வைத்தாள், இரண்டு கோடு. மறுபடியும் அதே மாத்திரையை எடுத்தாள். குழந்தைக்கு மூச்சு இழுப்பதைப் பார்த்த தாய் பயந்து நிலையத்துக்குத் தூக்கி வந்தாள். ரிஸ்பா நூறு வட்டமும் பார்த்தாள். ஒரு கிருமி இல்லை. ஓகுட்டு நெஞ்சில் குழாய் வைத்துக் கேட்டு, நுரையீரலில் சளி கட்டியிருக்கிறது என்று வேறு மருந்து கொடுத்தான். குழந்தை பிழைத்தது.

வெறும் வாயை மென்றவளுக்கு அவல் கிடைத்த கதைதான். அந்த மாத ஊர்க்கூட்டத்தில் ரிஸ்பா எழுந்து நின்றாள்.

"மருந்து சாப்பிட்டா கிருமி செத்துரும். ஆனா அது விட்டுட்டுப் போன எச்சம் ரத்தத்துல ஒரு மாசம்கூடக் கெடக்கும். இந்தப் பட்டை கிருமியப் பாக்குறது இல்ல, எச்சத்தத்தான் பாக்குது. வீட்டக் காலி பண்ணிட்டுப் போனவன் போட்ட குப்பையப் பாத்துட்டு ‘ஆள் உள்ளதான் இருக்கான்’னு சொன்னா எப்படி? கோடு எண்ணுறவங்களுக்கு இதெல்லாம் எங்க புரியப் போகுது!"

கூட்டம் சிரித்தது. சிப்ரோசா எழுந்தாள். சண்டைக்கு வருவாள் என்று ரிஸ்பா தோளை நிமிர்த்திக்கொண்டாள்.

"அக்கா சொல்றது சரிதாங்க. எனக்குத் தெரியாமப் போச்சு. இனிமே ஒரு மாசத்துக்குள்ள மருந்து சாப்பிட்டாங்களான்னு கேக்காம ஊசி குத்த மாட்டேன். புள்ளையக் காப்பாத்துனதுக்கு அக்காவுக்குக் கோடி புண்ணியம்."

"எவ்வளவு தன்மையாப் பேசுறா பாரு!" என்று கைதட்டினார்கள். யாருக்கு? சிப்ரோசாவுக்கு! ஜெயித்தவள் ரிஸ்பா, மாலை விழுந்தது தோற்றவள் கழுத்தில். அன்று ராத்திரி ரிஸ்பா தன் களியைக் கோழிக்குப் போட்டாள்.

வீட்டில் அவளும் மருமகள் லென்சாவும்தான். புருஷன் போய்ச் சேர்ந்து ஒன்பது வருஷம். எராஸ்டோவுக்குத் தூரத்தில் நைவாஷா ஊரில் பூப்பண்ணையில் வேலை. லென்சாவுக்குத் தலைப்பிள்ளை, ஐந்தாம் மாதம். பயந்த பெண். மாமியார் கேட்டால் ‘உம்’, கேட்காவிட்டால் அதுவும் இல்லை. அவள் சத்தமாகச் சிரித்தது ரிஸ்பாவின் காதில் விழுந்ததெல்லாம் வேலிக்கு அந்தப் பக்கம் சிப்ரோசா நிற்கும்போது மட்டும்தான். "சித்தி, சித்தி" என்று அவளிடம் குழைவாள். ஊரைத்தான் எடுத்துக்கொண்டாள், வீட்டையுமா?

ஒரு வியாழக்கிழமை சிப்ரோசா லென்சாவின் கையைப் பிடித்துக்கொண்டு நிலையத்துக்கு வந்தாள்.

"அக்கா, புள்ளைக்கு நாலு நாளா தலைசுத்தல், அசதி. பட்டை வச்சேன், ரெண்டு கோடு. வயித்துப் புள்ளக்காரிக்கு நான் மருந்து குடுக்கக் கூடாதுல்ல, அதான் கூட்டியாந்தேன்."

நாலு நாளாக! ஒரே அடுப்பில் சோறு தின்கிற மாமியாருக்குத் தெரியாமல், ஆய்வுக்கூடத்தில் இருபத்திரண்டு வருஷம் உட்கார்ந்த மாமியாருக்குத் தெரியாமல், இவளிடம் போய் விரலை நீட்டியிருக்கிறாள்.

"வீட்டுல சொல்ல வாய் இல்லியோ?" என்றாள் ரிஸ்பா. லென்சா சிப்ரோசாவின் தோளுக்குப் பின்னால் ஒதுங்கினாள். அந்த ஒதுங்கல்தான் ரிஸ்பாவைச் சுட்டது.

ரத்தம் எடுத்தாள், சாயம் ஏற்றினாள், காயவைத்தாள். முதல் வட்டம் சுத்தம். பத்தாவது சுத்தம். இருபதாவது சுத்தம். கதவுக்கு வெளியே அவர்கள் இருவரும் ஏதோ குசுகுசுத்துச் சிரிப்பது கேட்டது. முப்பதாவது வட்டமும் சுத்தமாக இருந்தபோது ரிஸ்பாவுக்குள் ஒரு சந்தோஷம் பொங்கியது. பட்டை மறுபடி பொய் சொல்லியிருக்கிறது! இதற்கு மேல் பார்க்க என்ன இருக்கிறது? வாழ்க்கையில் முதல் தடவையாக அவள் நூறை எட்டாமல் எழுந்தாள். ‘கிருமி இல்லை’ என்று எழுதிக் கையெழுத்துப் போட்டாள்.

சிப்ரோசா தாளைப் பார்த்து முழித்தாள். "அக்கா, இவ இதுவரைக்கும் மலேரியா மருந்தே தொட்டதில்ல, நான் கேட்டுட்டுத்தான் குத்துனேன். பழைய எச்சமா இருக்க வழியில்லையே. இன்னொரு தடவ பாத்துருங்கக்கா, உங்களுக்குக் கோடி புண்ணியம்."

நியாயமான பேச்சு. ரிஸ்பா கூட்டத்தில் சொல்லிக் கொடுத்த பாடத்தையே அவள் ஒழுங்காகப் படித்து வந்து சொன்னாள். அதனால்தான் இன்னும் ஆத்திரம் வந்தது.

"ஸ்லைடு கழுவுனவ எனக்கு ஸ்லைடு பாக்கச் சொல்லித் தர்றியா? எந்திரிச்சுப் போடி!"

ஓகுட்டு தாளைப் பார்த்தான். "எராஸ்டோ அம்மா பாத்துட்டாங்கன்னா அதுக்கு மேல அப்பீல் இல்ல" என்று சத்து மாத்திரை எழுதிக் கொடுத்து அனுப்பிவிட்டான்.

ஆறாம் நாள் ரிஸ்பா வேலையில் இருந்தபோது லென்சா குளிரில் வெடவெடத்துக் கீழே விழுந்தாள். சிப்ரோசாதான் ஒரு பைக்கை நிறுத்தி, அவளை நடுவில் உட்கார வைத்துப் பிடித்துக்கொண்டு பெரிய ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனாள். முற்றிய மலேரியா, உடம்பில் ரத்தமே இல்லை என்றார்கள். இரண்டு பை ரத்தம் ஏற்றினார்கள். லென்சா பிழைத்தாள். குழந்தை தங்கவில்லை.

சாயங்காலம் போனில் விஷயம் வந்ததும் ஓகுட்டு ஆய்வுக்கூடத்துக்கு வந்து நின்றான்.

"மனச விட்ராதீங்க. வயித்துப் புள்ளக்காரிங்களுக்குக் கிருமி நஞ்சுக்கொடியில போய் ஒளிஞ்சுக்குமாம், விரல் ரத்தத்துல வராதாம். பெரிய டாக்டரே சொல்றாரு. இந்த மாதிரி நேரத்துல மைக்ராஸ்கோப்ப விடப் பட்டையே தேவலையாம். இதுல உங்க தப்பு ஒண்ணும் இல்ல."

அவன் போனதும் ரிஸ்பா பெட்டியைத் திறந்தாள். மேலதிகாரி வந்து மறுபடி சரிபார்ப்பதற்காக ஸ்லைடுகளை அதில்தான் அடுக்கி வைப்பாள். லென்சாவின் ஸ்லைடை எடுத்து வைத்து முதலிலிருந்து எண்ணினாள். அறுபத்து நாலாவது வட்டத்தில் ஊதாப் பொட்டு வைத்த ஒரு குட்டி மோதிரம் இருந்தது. எண்பத்தொன்றில் இன்னும் இரண்டு. ஒளிந்துகொள்ளவில்லை. மூன்று கிருமி அவளுக்காகக் காத்துக்கொண்டு அங்கேயே இருந்திருக்கிறது.

ஸ்லைடைக் கழுவிப் போட்டால் தீர்ந்தது. கழுவக்கூட வேண்டியதில்லை, ஊரே அவளுக்காகச் சாக்கு சொல்லிக்கொண்டிருந்தது.

மறுநாள் காலையில் ஆஸ்பத்திரி வார்டுக்குப் போனாள். லென்சா சுவர்ப் பக்கம் சாய்ந்திருந்தாள். சிப்ரோசா கட்டிலில் உட்கார்ந்து கூழை ஊதி ஊதி ஊட்டிக்கொண்டிருந்தாள். ரிஸ்பாவைப் பார்த்ததும் எழுந்து வந்து இரண்டு கையையும் பிடித்துக்கொண்டாள்.

"அக்கா, நீங்க உங்களையே திட்டிக்காதீங்க. டாக்டர் எல்லாம் சொன்னாரு. உங்க கண்ணுக்குப் படலன்னா அது அங்க இல்லன்னுதான் அர்த்தம். உங்க கண்ணப் பத்தி எனக்குத் தெரியாதா? ஆறு வருஷம் பக்கத்துல நின்னு பாத்தவ நான்."

தலையை ஆட்டிவிட்டு உட்கார்ந்திருக்கலாம். ஆனால் அந்த வார்த்தை ரிஸ்பாவுக்குப் பொறுக்கவில்லை. சிப்ரோசாவிடமிருந்து மன்னிப்பும் வாங்கி, பாராட்டும் வாங்குவதா?

"இருந்துச்சு" என்றாள் ரிஸ்பா. "நேத்து மறுபடி பாத்தேன். மூணு இருந்துச்சு."

"அன்னைக்கு எப்படிக்கா தப்புச்சு?"

"தப்பல. முப்பதோட நிறுத்திட்டேன். மீதி எழுபது வட்டத்த நான் பாக்கவே இல்ல."

"நீங்களா? ஏன்க்கா?"

"ஒன் பட்டை பொய்யாகணும்னு இருந்துச்சு எனக்கு. ஊர் முன்னாடி நீ தலை குனியணும்னு இருந்துச்சு. அதுக்குத்தான்."

சிப்ரோசா அவள் கையை விட்டாள். லென்சா தலையைத் திருப்பி மாமியாரின் முகத்தை நேராகப் பார்த்தாள். கல்யாணமாகி வந்த நாளிலிருந்து அப்படிப் பார்த்ததே இல்லை.

"எம்புள்ள ஒங்களுக்கு என்ன பண்ணுச்சு அத்தை?"

ரிஸ்பா கட்டில் பக்கம் ஓர் அடி எடுத்து வைத்தாள்.

"வெளிய போங்க. சித்தி மட்டும் எங்கூட இருக்கட்டும்."

ரிஸ்பா வெளியே வந்து வராந்தாவில் உட்கார்ந்தாள். உள்ளே லென்சா அழ ஆரம்பித்தாள். அவ்வளவு பெரிய அழுகை அந்தச் சின்ன உடம்பில் இருந்ததே ரிஸ்பாவுக்குத் தெரியாது. "அழுதுரும்மா, அழுதுரு, சித்தி இருக்கேன்ல" என்று சிப்ரோசாவின் குரல் கேட்டது. அப்போதும், அந்த நிலைமையிலும், லென்சா சாய்ந்து அழுவது தன் தோளாக இல்லையே என்று ரிஸ்பாவுக்கு வயிறு எரிந்தது.