என் வீட்டுக்காரரின் பெயர்க்காரர்கள்

"பேரைச் சொல்லிக் கூப்பிடுங்கம்மா" என்றார் டாக்டர். "தெரிஞ்ச குரல் காதுல விழுந்தா கண்ணத் தொறந்தாலும் தொறப்பாரு. நல்லா சத்தமாக் கூப்பிடுங்க."

காரைக்காலில், ஆஸ்பத்திரியின் ஆண்கள் வார்டில், கட்டிலுக்குப் பக்கத்தில் நின்றிருந்தேன். கட்டிலில் என் வீட்டுக்காரர். மண்டபத்தூருக்கு மீன் வாங்கப் போனவர் அங்கேயே மணலில் சரிந்து விழுந்துவிட்டார். மீன்காரர்கள் ஒரு வேனில் தூக்கிப் போட்டுக்கொண்டு வந்து சேர்த்திருந்தார்கள். மூளைக்குப் போகும் ரத்தக்குழாயில் அடைப்பு, வலது பக்கம் முழுக்க விழுந்துவிட்டது, நினைவு திரும்பினால்தான் மேற்கொண்டு எதையும் சொல்ல முடியும் என்று டாக்டர் சொன்னார்.

"என்னங்க" என்றேன்.

"பேரும்மா, பேரு" என்றார் டாக்டர். சின்ன வயசுக்காரர். அவர் மனைவி அவரைப் பெயர் சொல்லித்தான் கூப்பிடுவாள் போல. எனக்கு வாய் திறந்தது, சத்தம் வரவில்லை.

எண்பதுகளின் நடுவில் நடந்தது இது. நான் அப்போது பெண்கள் உயர்நிலைப் பள்ளியில் சரித்திர டீச்சர். பெயர்களைச் சொல்லித்தான் எனக்குச் சம்பளம். எத்தனையோ ராஜாக்களை, படையெடுத்து வந்தவர்களை, நாடு பிடித்தவர்களை நாள் முழுக்க வாய் வலிக்கச் சொல்லியிருக்கிறேன். கட்டின புருஷனின் பெயரை மட்டும் ஒரு தடவைகூடச் சொன்னதில்லை.

என் அம்மாவும் சொன்னதில்லை. போலகத்தில் எங்கள் வீட்டில் மாலை ஜெபத்தை அம்மாதான் முன்னின்று சொல்வாள். புனிதர்கள் ஒவ்வொருவரிடமும் 'எங்களுக்காக வேண்டிக்கொள்ளும்' என்று கேட்கிற வரிசை வரும்போது அப்பாவின் பெயர் கொண்ட புனிதரை மட்டும் தாண்டிவிடுவாள். அந்தப் புனிதர் எங்களுக்காக வேண்டிக்கொள்ளவே இல்லை, பாவம், யாரும் கேட்கவில்லை. பெண்டாட்டி வாயால் பெயரைச் சொன்னால் புருஷனுக்கு ஆயுசு குறையும் என்பது அம்மாவின் கணக்கு. நான் பி.ஏ., பி.டி. படித்தவள், அதையெல்லாம் நம்பவில்லை. ஆனால் நம்பாததைச் சோதித்துப் பார்க்க அவர் உயிர்தானா கிடைத்தது?

மற்றப் பெண்களுக்கு ஒரு வழி உண்டு. பிள்ளை பெயரைச் சேர்த்து, இன்னார் அப்பா என்று கூப்பிட்டுவிடுவார்கள். எங்களுக்குப் பிள்ளை இல்லை. அது ஒரு துக்கம், அதைப் பற்றி இங்கே எழுதப் போவதில்லை. ஆக எனக்கு 'என்னங்க' ஒன்றுதான்.

அவர் பெயர் என்ன என்று யாராவது கேட்டால், மாசிடோனியாவிலிருந்து கிளம்பிச் சிந்து நதி வரைக்கும் வந்தானே ஒரு பேரரசன், அவனுடைய அப்பாவின் பெயர்தான் என்பேன். காகிதத்தில் எழுத எனக்குத் தடையில்லை. ரேஷன் கார்டில் எழுதியிருக்கிறேன், ஆஸ்பத்திரியில் சேர்க்கும்போதும் குமாஸ்தாவின் பேனாவை வாங்கி நானேதான் எழுதினேன். இங்கே மட்டும் எழுத மாட்டேன். எழுதினால் படிக்கிற நீங்கள் ஒரு தடவை வாய்க்குள் சொல்லிப் பார்ப்பீர்கள். எனக்கு அது பிடிக்கவில்லை.

கிரேக்கத்தில் அதற்குக் குதிரைப் பிரியன் என்று அர்த்தமாம். அவர் குதிரையில் ஏறியதே இல்லை. சைக்கிளே தடுமாற்றம்தான். பிரெஞ்சு ராணுவத்தில் சேர்ந்து, எங்கெங்கோ இருந்துவிட்டு, பென்ஷனோடு ஊர் திரும்பியவர். அப்படி வந்தவர்களை எங்கள் பக்கம் 'சொல்தா' என்பார்கள். மண்டபத்தூரில் அவரைத் தூக்கிக்கொண்டு வந்தவர்களுக்கும் 'சொல்தா' என்று மட்டும்தான் தெரியும், பெயர் தெரியாது.

பிரான்சிலிருந்து அவர் கொண்டுவந்த சாமான்களில் தடியான அகராதி ஒன்று இருந்தது. உலகத்தில் பெயரெடுத்தவர்கள் எல்லாரும் அதில் இருந்தார்கள். அவருடைய பெயரில் மட்டும் ஒரு கூட்டமே இருந்தது. அதைக் கண்டுபிடித்த நாளிலிருந்து மனுஷருக்குத் தலைகால் புரியவில்லை. சாயங்காலம் நான் பரீட்சைத்தாள் திருத்த உட்கார்ந்தால், எதிரில் நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு உட்காருவார்.

"டீச்சர், என் ஆளுங்கள்ல இன்னைக்கி யாரப் பாக்கலாம்?"

"யாரையாச்சும் பாருங்க. எனக்கு ஒம்பதாம் வகுப்பு முடியல."

பிரெஞ்சில் படித்து, தமிழில் சொல்லுவார். மாசிடோனிய ராஜாவுக்குக் கோட்டை முற்றுகையில் அம்பு பட்டு ஒரு கண் போனது. அதைச் சொல்லும்போது தன் வலது கண்ணைக் கையால் பொத்திக்கொள்வார். இன்னொருவர் வைத்தியர். அந்த ஒற்றைக் கண் ராஜாவின் மகன், இளம் ராஜா, காய்ச்சலில் கிடக்கிறான், வைத்தியர் மருந்தைக் கரைத்து நீட்டுகிறார், அதே நேரத்தில் அவர் விஷம் வைக்கப் போகிறார் என்று ராஜாவுக்குக் கடிதம் வருகிறது. ராஜா கடிதத்தை வைத்தியரிடம் படிக்கக் கொடுத்துவிட்டு மருந்தைக் குடித்துவிடுகிறான். மருந்து மருந்துதான், பிழைத்துக்கொண்டான். இந்தக் கதையை எனக்கு எத்தனை தடவை சொல்லியிருப்பாரோ. காபி டம்ளரை நான் நீட்டினால்கூட, கடிதம் ஏதும் வந்திருக்கிறதா என்று கேட்டுவிட்டுத்தான் குடிப்பார்.

இன்னொருவன் புத்தி சரியில்லாதவன். இளம் ராஜா செத்த பிறகு, வேறு ஆள் இல்லை என்று அவனுடைய மாற்றாந்தாய் மகனைச் சிம்மாசனத்தில் உட்கார வைத்து, அப்பாவின் பெயரையே அவனுக்குச் சூட்டிவிட்டார்கள். உண்மைப் பெயர் வேறு. இந்தியாவிலும் ஒருவர் இருந்தார். சிந்துக் கரையைப் பார்த்துக்கொள் என்று இளம் ராஜா விட்டுவிட்டுப் போன அதிகாரி, கூலிப்படைக்காரர்களே அவரைக் கொன்றுவிட்டார்கள். "பாத்தியா, நம்ம ஊருக்கு வந்தவன் நல்லபடியா இருந்ததில்ல" என்பார் இவர். அகராதியில் இல்லாத ஒருவனையும் எங்கிருந்தோ பிடித்துவந்தார். அவன் கோமாளி. அழைக்காத விருந்துக்குப் போய் வேடிக்கை பேசினான், யாரும் சிரிக்கவில்லை என்றதும் துணியால் தலையை மூடிக்கொண்டு அழுதானாம். துண்டைத் தலையில் போட்டுக்கொண்டு அதை நடித்துக் காட்டுவார். நான் சிரிக்கும் வரைக்கும் துண்டை எடுக்க மாட்டார்.

இவ்வளவும் எதற்கென்று எனக்குத் தெரியாமல் இல்லை. என் வாயிலிருந்து அந்தப் பெயரைப் பிடுங்கத்தான். "ஒத்தக் கண்ணு ராஜா பேரு என்ன டீச்சர்?" என்பார் திடீரென்று. நான் மாட்ட மாட்டேன். ஒரு நாள் வேடிக்கையை விட்டுவிட்டு நேராகவே கேட்டார்.

"பிரான்சுல எல்லாப் பொம்பளைங்களும் புருஷனப் பேரு சொல்லித்தான் கூப்பிடுறாங்க. ஒருத்தனும் அதனால சாவல. ஒரே ஒரு தடவ சொல்லேன்."

"அங்க குளுருங்க. எதுவும் சீக்கிரம் கெடாது" என்றேன்.

விழுந்து விழுந்து சிரித்தார். அதன் பிறகு நேராகக் கேட்டதில்லை.

பள்ளிக்கூடத்தில் நான் வேறு வகையில் மாட்டிக்கொண்டேன். மாசிடோனியப் பாடம் வருஷா வருஷம் வரும். பெயரைப் பலகையில் எழுதிவிட்டு, குச்சியால் காட்டி, "படிங்கடீ" என்பேன். வகுப்பே சேர்ந்து என் புருஷன் பெயரைக் கத்தும். அதோடு விட்டிருந்தால் பரவாயில்லை. எல்லா ராஜாவையும் 'அவன் வந்தான், வென்றான்' என்று நடத்துகிறவள், அந்த ஒருவருக்கு மட்டும் என்னையறியாமல் 'அவர் வந்தார், வென்றார்' என்று சொல்லிக்கொண்டிருந்திருக்கிறேன். பெண்கள் பொல்லாதவர்கள், கண்டுபிடித்துவிட்டார்கள். அரைப் பரீட்சையில், உலகை வெல்லக் கிளம்பிய மன்னனின் தந்தை யார் என்ற கேள்விக்கு ஒருத்தி 'எங்கள் டீச்சரின் கணவர்' என்று எழுதியிருந்தாள். அரை மார்க் போட்டேன். அந்தத் தாளை வீட்டில் காட்டியதும் இவர் முழு மார்க் போடச் சொல்லிச் சண்டை பிடித்தார்.

அப்படிப்பட்டவர்தான் வார்டில் வாய் கோணிக் கிடந்தார். கடைசியில் நர்ஸ் அம்மா என்னை நகரச் சொல்லிவிட்டு, குனிந்து, அவரைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டார். ஒன்றும் அசையவில்லை. நான் கூப்பிட்டிருந்தால் அசைந்திருக்குமா என்று பார்வைக்கு வந்தவர்கள் ஆளாளுக்குக் கேட்டார்கள். அம்மாவின் பேச்சை நம்பாத நான், டாக்டரின் பேச்சையும் ஏன் நம்ப முடியாமல் நின்றேன் என்று எனக்கே தெரியவில்லை. பயம், அவ்வளவுதான். சொன்னால் போய்விடுவாரோ என்று ஒரு பயம், சொல்லாவிட்டால் போய்விடுவாரோ என்று இன்னொரு பயம்.

அவர் கண்ணைத் திறந்தது யாரும் கூப்பிடாதபோது. ஒரு மத்தியானம், வார்டு ஆயா தட்டைக் கீழே போட்டுவிட்டார், அந்தச் சத்தத்துக்கு இவர் விழித்துக்கொண்டார். நான் தண்ணீர் பிடிக்கப் போயிருந்தேன். திரும்பி வந்தபோது நர்ஸ் அம்மா வாசலுக்கே ஓடிவந்தார்.

"பேசிட்டாரு! அவரு பேர அவரே சொல்றாரு!"

உள்ளே போனேன். என்னைப் பார்த்தார். தன் பெயரைச் சொன்னார். தண்ணீர்க் கூஜாவைப் பார்த்தார், அதையும் அந்தப் பெயரால்தான் கேட்டார். தலைக்கு மேல் ஓடாத காற்றாடிக்கும் அதே பெயர். டாக்டர் வந்து பார்த்துவிட்டு என்னைத் தள்ளி அழைத்துப்போனார். மூளையில் பேச்சுக்கான இடம் அடிபட்டிருக்கிறது, சில பேருக்கு ஒரே ஒரு வார்த்தை மட்டும் தங்கிவிடும், வாயைத் திறந்தால் அதுதான் வரும் என்றார்.

"எந்த வார்த்த தங்கும்னு நம்ம கையில இல்லம்மா. சில பேருக்குக் கெட்ட வார்த்தகூடத் தங்கிப்போயிருக்கு. அதுக்கு இது தேவல."

தேவலைதான். வீட்டுக்குக் கூட்டிவந்தேன்.

அதன் பிறகு எங்கள் வீட்டில் எல்லாருக்கும் ஒரே பெயர். பால்காரம்மாவுக்கு அந்தப் பெயர். சுவரேறி வரும் பூனைக்கு அந்தப் பெயர். கஞ்சிக்கும், போர்வைக்கும், தோள் வலிக்கும் அதே. இழுத்துச் சொன்னால் தாகம், வெட்டிச் சொன்னால் ஒன்றுக்குப் போக வேண்டும் என்று கொஞ்ச நாளில் எனக்குப் பிடிபட்டது. நான் வாயில் எடுக்காத பெயரைக் காலையிலிருந்து படுக்கிற வரை கேட்டுக்கொண்டிருந்தேன். கேட்டதும் எழுந்து அவரிடம் போனேன்.

அந்த மாதங்களில் எனக்கு அழுகை வரவில்லை. பார்க்க வந்தவர்களுக்கு அது ஒரு குறைதான், கல்நெஞ்சுக்காரி என்று வாசல் தாண்டுவதற்குள் பேசிக்கொண்டார்கள். அவருக்கு வலது பக்கம் மரத்துப்போயிருந்தது. எனக்கு எந்தப் பக்கம் என்று சொல்லத் தெரியவில்லை. சாப்பிட்டால் உப்பா, உறைப்பா தெரியாது. பஸ்ஸில் போலகத்துக்குப் போய் அம்மாவைப் பார்த்துவிட்டு வருவேன், என்ன பேசினோம் என்று நினைவிருக்காது. சனிக்கிழமைகளில் திருநள்ளாற்றுக்குப் போகிற கூட்டம் பஸ்ஸில் என் காலை மிதிக்கும். மிதிபட்டது வீட்டுக்கு வந்து காலைக் கழுவும்போதுதான் தெரியும். வகுப்பில் அந்தப் பாடம் வந்தபோது பெண்கள் தலையைக் குனிந்துகொண்டு மெதுவாகப் படித்தார்கள். அவர்கள் பழையபடி கத்தியிருந்தால் எனக்கு நன்றாக இருந்திருக்கும்.

சாமான்களைத் தொட்டுக் காட்டி, சொல்லிச் சொல்லிப் பழக்குங்கள், நீங்கள் டீச்சர்தானே என்று டாக்டர் சொல்லியிருந்தார். பள்ளிக்கூடம் விட்டு வந்து முகம் கழுவியதும் அவர் எதிரில் நாற்காலியைப் போட்டுக்கொண்டு உட்காருவேன்.

"இது தண்ணி. சொல்லுங்க, தண்ணி."

அவர் தன் பெயரைச் சொல்வார்.

"இது கதவு."

மறுபடியும் அதே. தப்பு என்று அவருக்கே தெரியும். நெற்றியைச் சுருக்குவார், உதட்டைக் கடிப்பார், ஏதோ பெரிதாகச் சொல்லப் போகிறவர் மாதிரி மூச்சை இழுப்பார், வருவது அதுதான். சில நாள் கோபத்தில் இடது கையால் டம்ளரைத் தட்டிவிடுவார். துடைத்துவிட்டு, "இது டம்ளர்" என்பேன். எனக்கும் கோபம் வரும். எப்பேர்ப்பட்ட வாய் அது, என்னமாய்ப் பேசிய வாய்.

ஒரு நாள் சாயங்காலம் கதவு, ஜன்னல், விளக்கு எல்லாம் முடிந்து நான் எழுந்திருக்கப் போனேன். இடது கையால் என் முந்தானையைப் பிடித்தார். அந்தக் கையைத் தன் மார்பில் வைத்துக் காட்டினார். வாய் அசையவில்லை. எல்லாவற்றுக்கும் அந்த ஒரு பெயரைச் சொல்லித் தள்ளுகிறவர், தனக்கு மட்டும் எதையும் சொல்லாமல் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். இது என்ன, இதற்கு என்ன பெயர் என்று கேட்கிறார் என்பது எனக்குப் புரிந்தது. கேலி இல்லை அதில். உண்மையாகவே தெரியாமல்தான் கேட்டார்.

சொன்னேன். வாயைத் திறந்து, முழுசாக, அவர் முகத்தைப் பார்த்துச் சொன்னேன். சொல்லிவிட்டு, "அது உங்க பேருங்க" என்றேன். என் குரல் வகுப்பில் வருகிற குரல் மாதிரியே இருந்தது. உள்ளே ஏதாவது உடையும் என்று நினைத்தேன், உடையவில்லை.

அவர் கொஞ்ச நேரம் யோசித்தார். பிறகு இல்லை என்று தலையை ஆட்டினார். மார்பிலிருந்து கையை எடுத்து, என் கன்னத்தில் வைத்து, அந்தப் பெயரைச் சொன்னார். நிறுத்தி, தெளிவாக, எனக்குச் சொல்லிக்கொடுக்கிற மாதிரி சொன்னார்.

"சரிங்க" என்றேன்.