பசுவின் வால்

டிலியா ஹொராக் எங்கள் மை அறையில் ஒன்பது வருஷம் வேலை பார்த்தாள். நியூயார்க்கில் ஒரு கார்ட்டூன் படக் கம்பெனி; பிராட்வேக் கட்டிடம் ஒன்றின் ஆறாவது மாடி. ஐந்தாவதில் ஆண்கள் காகிதத்தில் பென்சிலால் வரைவார்கள். நாங்கள் வெள்ளைக் கையுறை மாட்டிக்கொண்டு, அந்தக் காகிதத்தின்மேல் கண்ணாடி போன்ற செல்லுலாய்டு தாளை வைத்து மையில் நகலெடுப்போம். கோட்டை மாற்றக் கூடாது. அது சட்டம்.

டிலியா மாற்றினாள். படம் வரையும் க்ரோகன் காகிதங்களை விரலிடுக்கில் ஐந்தைந்தாகச் செருகித்தான், அசைவு சரியா என்று புரட்டிப் பார்ப்பான். ஓர் ஐந்து முடிந்து அடுத்த ஐந்து தொடங்கும் இடத்தைப் பார்த்ததே இல்லை. அந்த இடத்துப் படங்களில் பசுவுக்கு வால் போட மறந்திருப்பான். டிலியா சத்தமில்லாமல் வால் போட்டு அனுப்புவாள். பெயர் க்ரோகனுக்கு.

ஒன்பதாவது வருஷம் மார்ச்சில் கீழே ஒரு வரைமேசை காலியானது. தான் வரைந்த நாற்பது படங்களோடு டிலியா முதலாளி ப்ளம்மிடம் போனாள். அவர் படக்கட்டைப் பிரிக்கவே இல்லை.

"பொம்பளைங்க மை போடத்தாம்மா. வரையறதுக்கு இல்ல."

"அந்த வாலெல்லாம் யாரு வரையறாங்கன்னு நெனச்சீங்க?"

"இருக்கறத அப்படியே எடுக்கறதுதான் உன் வேலை."

"சரி. இனிமே அதத்தான் செய்வேன்."

மேலே வந்து சொன்னாள். எங்களோடு மை போடும் பெர்த்தா பதறினாள்.

"வேலை போயிடும்டி. வெளிய வேலையில்லாம ஜனம் ரொட்டிக்கு வரிசையில நிக்குது."

"எதுக்குப் போகும்? சட்டப்படிதானே செய்யப்போறேன்."

மூன்று வாரம் கழித்துப் படத்தைப் போட்டுப் பார்த்தார்கள். பசு வயலைக் கடந்தது. வால் வந்தது, போனது, வந்தது.

"வாலை ஈ தூக்கிட்டுப் போயிடுச்சுப்பா!" பின்வரிசையில் ஒருவன் சிரித்தான்.

ப்ளம் டிலியாவைக் கீழே கூப்பிட்டார்.

"என்ன பண்ணி வச்சிருக்க?"

டிலியா க்ரோகனின் காகிதத்தின் மேல் தன் தாளை வைத்தாள். கோட்டின் மேல் கோடு. மயிரிழை விலகவில்லை.

"எங்க தப்புன்னு காட்டுங்க."

க்ரோகனின் காது சிவந்தது.

"நாளைக்குள்ள சரி பண்ணு," என்றார் ப்ளம்.

"பண்றேன். அந்த மேசையில உக்காந்து."

"முடியாது."

"அப்ப வாலில்லாம அனுப்புங்க. வெள்ளிக்கிழமை தியேட்டர்ல படம் பாக்கறவங்களே கேப்பாங்க."

பதிலுக்கு நிற்கவில்லை. கையுறைகளைக் கழற்றி அவர் கையில் கொடுத்துவிட்டு, காலி மேசையில் உட்கார்ந்து பென்சில் சீவினாள். யாரும் எழுப்ப வரவில்லை. க்ரோகன்தான் முதலில் நகர்ந்தான். பசுக் காகிதக் கட்டை அவள் முன்னால் வைத்தான்.

"இந்த ஒரு படத்துக்குத்தான்," என்றார் ப்ளம்.

டிலியா தலை நிமிரவில்லை.

"மை அறைக்கு வேற ஆளு பாருங்க."