முதுகு நடிகர்

மேடையில் அவர் இருபது வருடம் ராஜா. மைக் கெட்டுப்போனால்கூடக் கடைசி வரிசைக்குக் குரல் கேட்கும். அந்தக் குரலை நம்பித்தான் சினிமாவுக்குப் போனார். போன முதல் நாள் கதாநாயகன் வந்து சேரவில்லை. அவன் சட்டையை இவருக்கு மாட்டி, கேமராவுக்கு முதுகு காட்டி உட்காரவைத்தார்கள். "அம்மா செத்த சேதி வந்திருக்கு, அவ்வளவுதான்" என்றார் டைரக்டர். இவர் தோளை லேசாக இறக்கினார். லைட்மேன் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

அன்றைக்குப் பிடித்தது சனி. நாற்பத்தொரு படம், நாற்பத்தொன்றிலும் முதுகுதான். காதலில் தோற்ற முதுகு, தூக்குத் தண்டனை கேட்ட முதுகு, மகளைக் கட்டிக்கொடுத்த முதுகு. மேக்கப்காரர் பிடரிக்கு மட்டும் பவுடர் தட்டிவிட்டு அடுத்த ஆளைப் பார்க்கப் போய்விடுவார்.

வினை வீட்டில்தான். தியேட்டரில் மனைவி பக்கத்து சீட்டுக்காரியிடம், "அது எங்க வீட்டுக்காரர்" என்று பெருமையாகச் சொல்வாள். அவள் தங்கை சும்மா இருப்பாளா? "யார் முதுகை வேணா காட்டி நான்தான்னு சொல்லலாம்க்கா. அத்தான் உன்னை நல்லா ஏமாத்துறாரு." விளையாட்டாகச் சொன்னதுதான். ஆனால் அதற்குப் பிறகு மனைவி படம் பார்க்க வரவில்லை. அதுதான் அவரை அரித்தது.

டைரக்டர் காலில் விழாத குறை. "ஒரே ஒரு தடவை திரும்புறேன் சார்."

டைரக்டர் வெகுநேரம் யோசித்தார். "உங்க இஷ்டம். அப்புறம் என்னைக் குறை சொல்லக் கூடாது."

படம் வந்தது. மனைவியையும் மச்சினியையும் கெஞ்சிக் கூட்டிப்போனார். திரையில் முதுகு வந்தது. அரங்கெங்கும் மூக்கு உறிஞ்சும் சத்தம். முதுகு மெல்லத் திரும்பியது. அரங்கு குபீரென்று சிரித்தது. "யாருய்யா இது? அந்த முதுகுக்கு இந்த மூஞ்சியா?" என்றார் பின்வரிசைக்காரர்.

"பாத்தியாக்கா, ரெண்டும் வேற வேற ஆளு" என்றாள் மச்சினி.

மனைவி தலையைக் குனிந்துகொண்டாள். அதை அவரால் தாங்க முடியவில்லை. எழுந்து, திரைக்குப் பக்கத்திலிருந்த கதவை நோக்கி நடந்தார். திரை வெளிச்சம் அவர்மேல் விழுந்தது. சிரிப்பு ஒவ்வொரு வரிசையாக அடங்கியது.

"டேய், அந்த முதுகுடா."

யாரோ எழுந்தார்கள். பிறகு எல்லோரும் எழுந்தார்கள், மச்சினி உட்பட. கைதட்டல் நிற்கவே இல்லை. கைதட்டினால் திரும்பி நின்று தலை வணங்குவது அவருக்கு மேடைப் பழக்கம். கால் நின்றது.

அதற்குள் மனைவி ஓடிவந்து அவர் முதுகில் கைவைத்தாள். அழுதுகொண்டிருந்தாள்.

"திரும்பிடாதீங்க. அப்படியே நடங்க."